சித்திரவதை தர்மமாகுமா?

மகாபாரதத்தின் ஆதி பர்வத்தில் மாண்டவ்ய முனிவரின் வரலாறு வருகிறது. தமது ஆசிரமத்து வாசலில், ஒரு மரத்தடியில், கைகளை உயர்த்தியவாறு மௌன விரதத்தில் நின்று அவர் தவம் செய்துகொண்டிருந்தார். அரச காவலர்களால் துரத்தப்பட்ட கள்வர்கள் சிலர், களவாடிய பொருளுடன் அந்த ஆசிரமத்தினுள் புகுந்து ஒளிந்தனர். பின்தொடர்ந்து வந்த காவலர்கள், கள்வர்கள் எவ்வழியே சென்றனர் என்று முனிவரிடம் கேட்டனர். விரதம் பூண்டிருந்த அவர் பதில் கூறவில்லை. ஆசிரமத்தைச் சோதித்தபோது கள்வர்கள் அகப்பட்டனர், பொருளும் கிடைத்தது. முனிவரின் மௌனமே அவருக்கு எதிரான சான்றாயிற்று. மன்னனும் தீர விசாரிக்கவில்லை. கள்வர்களுடன் சேர்த்து அவரையும் கழுவில் ஏற்றிவிட்டனர்.

தவ வலிமையால் அவரது உயிர் பிரியவில்லை. பின்னர் உண்மை அறிந்த மன்னன் ஓடி வந்து மன்னிப்புக் கோரினான். முனிவரும் மன்னித்தார். ஆனால் கழுவை அவர் உடலிலிருந்து உருவி எடுக்க இயலவில்லை. வெளியே நீண்டிருந்த பகுதியை வெட்டி அகற்றினர். முனை உள்ளேயே தங்கிவிட்டது. அந்த முனையைச் சுமந்தபடியே அவர் எஞ்சிய காலமெல்லாம் தவம் செய்தார். அதனால் ‘ஆணி மாண்டவ்யர்’ என்று பெயர் பெற்றார்.

மன்னிப்பு கேட்கப்பட்டது, மன்னிப்பு அளிக்கவும் பட்டது, ஆயினும் முள் வெளியே வரவில்லை. ஒரு மனிதனின் உடலைத் துன்புறுத்தி நீதியை நிலைநாட்ட முயலும் ஒவ்வோர் ஆட்சியும் சிந்திக்க வேண்டிய செய்தி இது.

அர்த்தசாஸ்திரம் காட்டும் தயக்கம்

மாண்டவ்யரை வேறோர் இடத்திலும் காண்கிறோம். அரசியல் நூலாகிய அர்த்தசாஸ்திரம், தனது நான்காம் அதிகரணத்தில் குற்றவாளிகளை விசாரிக்கும் முறைகளைக் கூறுகிறது. சொல்லால் விசாரிப்பது ஒரு முறை. உடலை வருத்தி விசாரிப்பது மற்றொரு முறை. தடியடி, சாட்டையடி, தொங்கவிடுதல், நீரைக் கொண்டு செய்யும் கொடுமை எனப் பதினெட்டு வகைகளை அந்நூல் கணக்கிடுகிறது. அரசின் நலனையே அளவுகோலாகக் கொண்ட அந்நூல் இவற்றை ஒளித்து வைக்கவில்லை, வெளிப்படையாகவே விதிக்கிறது.

ஆனால் அதே அத்தியாயத்தில் ஒரு தயக்கமும் தென்படுகிறது. சிறு குற்றம் செய்தவன், சிறுவன், முதியவன், நோயாளி, குடிபோதையில் இருப்பவன், சித்தம் கலங்கியவன், பசி தாகத்தாலும் வழிநடையாலும் களைத்தவன், உடல் வலுவற்றவன் ஆகியோரை வருத்தக்கூடாது என்கிறது. கருவுற்ற பெண்ணையும், பிள்ளை பெற்று ஒரு மாதம் நிறையாதவளையும் தொடக்கூடாது என்கிறது. குற்றம் செய்தவன் என்று பெரிதும் நம்பத்தக்கவனை மட்டுமே இம்முறைக்கு உட்படுத்தலாம் என்றும் வரையறுக்கிறது. அங்கேதான் மாண்டவ்யரின் பெயர் வருகிறது. கள்வன் அல்லாத மாண்டவ்யர், வேதனைக்கு அஞ்சி, தாமே கள்வன் என்று ஒப்புக்கொண்டார் என்பது அந்நூல் கூறும் செய்தி. ஆகவே வேறு சான்றுகளால் குற்றம் முழுமையாக உறுதிப்பட வேண்டும் என்று அது முடிக்கிறது.

மகாபாரதத்தில் அவர் மௌனமாக இருந்தார். அர்த்தசாஸ்திரத்தில் பொய்யாக ஒப்புக்கொண்டார். வேதனைக்கு முன்னால் நிற்கும் மனிதனுக்கு இருக்கும் வழிகள் பெரும்பாலும் இவை இரண்டுதான். மௌனம் சாதித்தால் அது பிடிவாதமாகக் கருதப்படும். பேசினால் அது வாக்குமூலமாகக் கருதப்படும். குற்றமற்றவன் தப்பிக்க இதில் வாயில் எங்கே இருக்கிறது?

அர்த்தசாஸ்திரத்தின் விதியை ஊன்றி நோக்கினால் அதன் உட்பொருள் புலப்படும். குற்றம் ஏற்கெனவே சான்றுகளால் தெளிவானவனைத்தான் வருத்தலாம் என்றால், அவனை வருத்துவதற்குத் தேவை என்ன? சான்று போதவில்லை என்றால், அவனை வருத்துவதற்கு நியாயம் என்ன? சித்திரவதையை அனுமதித்த நூலே, தான் அனுமதித்ததை முழுமையாக நம்பவில்லை.

வேதனை உண்மையைத் தருமா?

சித்திரவதைக்கு ஆதரவாகப் பொதுவாகச் சொல்லப்படும் முதல் காரணம், அது உண்மையை வெளிக்கொணரும் என்பது. வரலாறு இதற்கு மாறாகவே சான்று கூறுகிறது.

பதினேழாம் நூற்றாண்டில் ஜெர்மானிய நாடுகளில் சூனியக்காரிகள் என்று குற்றம் சாட்டப்பட்ட பெண்கள் ஏராளமாக எரிக்கப்பட்டனர். பிரீட்ரிக் ஷ்பே என்ற ஏசு சபைத் துறவி, மரண தண்டனை பெற்ற அத்தகைய பெண்களின் இறுதிப் பாவமன்னிப்பைக் கேட்கும் பணியைச் செய்தவர். 1631-இல் அவர் தமது பெயரை மறைத்து ஒரு நூலை வெளியிட்டார். குற்றத்தை ஒப்புக்கொண்ட பெண்கள் அனைவரும் வேதனை தாங்காமலேயே ஒப்புக்கொண்டனர் என்பதும், தோழியர் யார் என்று கேட்டபோது வாயில் வந்த பெயர்களை எல்லாம் கூறினர் என்பதும், அவ்வாறு பெயர் கூறப்பட்டவர்கள் பிடிக்கப்பட்டு மேலும் பல பெயர்களைக் கூறினர் என்பதும் அவரது நூலின் சாரம். இளமையிலேயே அவரது தலை நரைத்ததற்குக் காரணம், எரிமேடை வரை தாம் துணை சென்ற குற்றமற்ற பெண்களை எண்ணி அவர் அடைந்த துயரமே என்று தத்துவ அறிஞர் லைப்னிட்ஸ் பதிவு செய்திருக்கிறார்.

1764-இல் இத்தாலிய அறிஞர் செசாரே பெக்காரியா, குற்றங்களையும் தண்டனைகளையும் பற்றிய தமது நூலில் இதையே தர்க்க முறையில் விளக்கினார். சித்திரவதையில் வெளிப்படுவது உடலின் வலிமையே. உடல் உரம் மிக்க குற்றவாளி தாங்கிக்கொண்டு விடுதலை பெறுகிறான். மெலிந்த உடல் கொண்ட நிரபராதி தாங்க இயலாமல் தண்டனை பெறுகிறான். தசைகளையும் நரம்புகளையும் அளக்கும் கருவியைக் கொண்டு நீதியை எவ்வாறு அளப்பது?

இந்திய அனுபவமும் இதுவே. கிழக்கிந்தியக் கம்பெனியின் ஆட்சியில் சென்னை மாகாணத்தில் நிலவரி வசூலுக்காகவும் குற்ற விசாரணைக்காகவும் மக்கள் சித்திரவதை செய்யப்பட்டது பற்றிப் பிரிட்டிஷ் பாராளுமன்றத்தில் 1854-இல் கேள்வி எழுந்தது. அதன் விளைவாக நியமிக்கப்பட்ட விசாரணைக் குழு 1855-இல் தனது அறிக்கையை அளித்தது. விரல்களை நெருக்கும் மரக்கருவியாகிய ‘கிட்டி’, கழுத்தையும் கால் விரல்களையும் கயிற்றால் பிணைத்துக் குனிந்த நிலையிலேயே நிறுத்தும் ‘அண்ணாந்தாள்’, வெயிலில் நிற்க வைத்தல், உணவு உண்ண விடாமலும் இயற்கை உபாதைகளுக்குச் செல்ல விடாமலும் தடுத்தல் ஆகியவை அதில் விவரிக்கப்பட்டன. சில அணாக்களும் ரூபாய்களும் வரிப் பாக்கி வைத்திருந்த ஏழைக் குடியானவர்களே பெரும்பாலும் இவற்றுக்கு இலக்காயினர். பேராபத்தைத் தடுக்க வேண்டும் என்ற அவசரம் எதுவும் அங்கே இல்லை. எளிதாக இருந்தது, கேட்பாரில்லை, ஆகவே செய்தனர்.

இத்தகைய அனுபவங்களின் பயனாகவே, காவல்துறை அதிகாரியிடம் அளிக்கப்படும் ஒப்புதல் வாக்குமூலத்தைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு எதிராக நிரூபிக்கக்கூடாது என்ற விதி இந்தியச் சட்டத்தில் இடம்பெற்றது. 1872-ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டத்தில் 25-ஆம் பிரிவாக இருந்த அவ்விதி, 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய சாட்சியச் சட்டத்திலும் 23-ஆம் பிரிவாகத் தொடர்கிறது. ஆனால் ஒரு விதிவிலக்கும் உடன் தொடர்கிறது. காவலில் இருப்பவர் கூறிய தகவலால் ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், அதனுடன் தொடர்புடைய அளவுக்கு அவரது கூற்றைச் சான்றாகக் கொள்ளலாம். முன்வாசலில் பூட்டப்பட்ட கதவு, பின்புறத்தில் சற்றே திறந்து வைக்கப்பட்டிருக்கிறது. பொருளைக் கண்டெடுக்க வேண்டும் என்ற முனைப்பு, பழைய முறைகளுக்கு இன்னும் இடமளிக்கிறது.

தவறான தகவலின் விலை ஒரு தனிமனிதனின் தண்டனையோடு நிற்பதில்லை. எகிப்தில் காவலில் இருந்த ஒரு கைதி, வேதனையிலிருந்து தப்பிக்க, ஈராக் அரசுக்கும் அல்-கொய்தா அமைப்புக்கும் தொடர்பு உண்டு என்று கூறினான். 2003 பிப்ரவரியில் ஐக்கிய நாடுகள் பாதுகாப்பு அவையில் ஈராக்குக்கு எதிராக அமெரிக்கா முன்வைத்த சான்றுகளில் அக்கூற்றும் ஒன்று. மறுமாதமே போர் தொடங்கியது. 2004-இல் அவன் தனது கூற்றைத் திரும்பப் பெற்றான். போரைத் திரும்பப் பெற யாராலும் இயலவில்லை.

கடினமான கேள்வி

சித்திரவதை சில வேளைகளில் உண்மையையே வெளிக்கொணர்ந்தால் என்ன செய்வது? பொய் வரும் என்பதற்காக மட்டும் அதை மறுப்பவர், உண்மை வரும் என்று உறுதி கிடைத்தால் அதை ஏற்க வேண்டியிருக்கும். அறத்தின் கேள்வி உண்மையில் இங்கேதான் தொடங்குகிறது.

தத்துவ வகுப்புகளில் ஓர் உதாரணம் கூறப்படுவதுண்டு. நகரில் ஒரு வெடிகுண்டு வைக்கப்பட்டிருக்கிறது. வைத்தவன் அகப்பட்டுவிட்டான்; இடத்தைக் கூற மறுக்கிறான். ஒருவனது வேதனையா, ஆயிரம் பேரின் உயிரா? இந்தக் கேள்விக்கு எளிதாக விடை கூறுபவர், எத்தரப்பில் இருந்தாலும், அதைச் சரியாகப் புரிந்துகொள்ளவில்லை என்றே கருத வேண்டும்.

நடந்த நிகழ்ச்சி ஒன்று இதற்கு மிக நெருக்கமானது. 2002 செப்டம்பரில் ஜெர்மனியின் பிராங்பர்ட் நகரில் பதினொரு வயதுச் சிறுவன் ஒருவன் கடத்தப்பட்டான். பணயத் தொகையைப் பெற்றுக்கொண்டவன் பிடிபட்டான். சிறுவன் இருக்கும் இடத்தைக் கூறாமல் அலைக்கழித்தான். சிறுவன் எங்கோ பசியாலும் குளிராலும் உயிருக்குப் போராடிக்கொண்டிருக்கக் கூடும் என்று அஞ்சிய நகரக் காவல்துறைத் துணைத் தலைவர், கடுமையான வலிக்கு உட்படுத்தப்படுவாய் என்று அவனை மிரட்டுமாறு தமக்குக் கீழிருந்த அதிகாரியிடம் உத்தரவிட்டார். மிரட்டல் பலித்தது. சில நிமிடங்களில் அவன் இடத்தைக் கூறினான். அங்கே கிடைத்தது சிறுவனின் உடல். கடத்தப்பட்ட சிறிது நேரத்திலேயே அவன் கொல்லப்பட்டிருந்தான்.

தாம் இட்ட உத்தரவை அந்த அதிகாரி தம் கையாலேயே கோப்பில் எழுதி வைத்திருந்தார். 2004 டிசம்பரில் நீதிமன்றம் அவரைக் குற்றவாளி என்று தீர்ப்பளித்தது. ஆனால் அவரது நோக்கத்தைக் கருதி, அபராதத்தை நிறுத்திவைத்து எச்சரிக்கையுடன் விட்டது. கடத்தியவன் ஆயுள் தண்டனை பெற்றான். 2010-இல் ஐரோப்பிய மனித உரிமைகள் நீதிமன்றம், அந்த மிரட்டல் மனிதத் தன்மையற்ற நடத்தையே என்றும், ஒரு குழந்தையின் உயிரைக் காக்கும் நோக்கம்கூட அதற்கு நியாயமாகாது என்றும் தீர்ப்பளித்தது.

அந்த அதிகாரியை வெறுப்பது கடினம். அந்தச் சிறுவனின் பெற்றோருடைய நிலையில் தன்னை வைத்துப் பார்க்கும் எவரும், அவர் செய்ததையே தாமும் செய்திருக்கலாம் என்று உணர்வர். ஆயினும் இந்நிகழ்ச்சி சில உண்மைகளைத் தெளிவாக்குகிறது.

முதலாவது, உதாரணத்தில் இருக்கும் உறுதி வாழ்க்கையில் இருப்பதில்லை. உதாரணத்தில், பிடிபட்டவனே குற்றவாளி, அவனுக்கு இடம் தெரியும், அவன் உண்மையைக் கூறுவான், காப்பாற்ற நேரம் மிஞ்சியிருக்கிறது என்பவை எல்லாம் முன்கூட்டியே தீர்மானிக்கப்பட்டுவிடுகின்றன. பிராங்பர்ட்டில் முதல் மூன்றும் அமைந்தன, நான்காவது அமையவில்லை. நான்கில் எது அமையும், எது அமையாது என்பதை, உத்தரவிடும் அந்தக் கணத்தில் எந்த அதிகாரியாலும் அறிய இயலாது.

இரண்டாவது, எண்ணிக்கையை மட்டுமே அளவுகோலாகக் கொண்டால் எங்கே நிறுத்துவது என்பது தெரியாமல் போகும். தன் உடலின் வேதனையைத் தாங்கிக்கொள்ளும் ஒருவன், தன் குழந்தையின் வேதனையைக் கண்டால் பேசிவிடலாம். ஆயிரம் உயிர்களுக்காக அவன் கண்முன் அவனது குழந்தையை வருத்தலாமா? இங்கே ஏறத்தாழ அனைவரும் பின்வாங்குவர். கணக்கோ மாறவில்லை, ஒரு பக்கம் சிறு எண், மறுபக்கம் பெரிய எண். அப்படியெனில், கணக்குக்கு அப்பால் ஏதோ ஒன்று மனிதனைத் தடுக்கிறது. அந்த ‘ஏதோ ஒன்று’தான் அறம். குழந்தையின் விஷயத்தில் விழித்துக்கொள்ளும் அது, குற்றவாளியின் விஷயத்தில் உறங்குகிறது என்பதே வேறுபாடு.

மூன்றாவது, ஒரு தனிமனிதன் நெருக்கடியில் விதியை மீறி, அதற்குரிய தண்டனையை ஏற்க முன்வருவது வேறு. சட்டமே அம்மீறலை அனுமதித்து அதை ஒரு முறையாக்குவது வேறு. பிராங்பர்ட் அதிகாரி தம் செயலை மறைக்கவில்லை. சட்டமும் தன் எல்லையைத் தளர்த்தவில்லை. சட்டம் அனுமதித்திருந்தால், கோப்பில் எழுதிவைத்த அந்தக் குற்றவுணர்வுகூட யாருக்கும் தேவைப்பட்டிருக்காது. அரிதான நெருக்கடிக்கென்று திறக்கப்படும் கதவு, நாளடைவில் அணாக் கணக்கில் வரிப் பாக்கி வைத்தவனுக்கும் திறந்துவிடுகிறது.

போரில் கொல்லலாம் எனில்?

‘தர்மத்தைக் காக்கப் போர் புரிவதையும், தற்காப்புக்காகத் தாக்குவதையும் சாஸ்திரங்கள் ஏற்கின்றன. கொலையே அனுமதிக்கப்படும்போது, கொலையைவிடக் குறைந்ததாகிய வேதனையை ஏன் அனுமதிக்கக்கூடாது?’ என்று கேட்கப்படலாம்.

குருக்ஷேத்திரப் போர் தொடங்குமுன் இருதரப்பினரும் ஏற்றுக்கொண்ட விதிகளை நினைவுகூர்ந்தால் இதற்கு விடை கிடைக்கும். ஆயுதம் இழந்தவனை, புறமுதுகிட்டவனை, சரணடைந்தவனைத் தாக்கலாகாது. கையில் வில்லேந்தி எதிரே நிற்பவன் மீதே அம்பு தொடுக்கலாம். போர்வீரன் எதிரியின் வலிமையை எதிர்கொள்கிறான். சித்திரவதை செய்பவனோ எதிரியின் இயலாமையையே கருவியாக்குகிறான். கைகள் கட்டப்பட்ட அந்தக் கணத்தில் எதிரி மறைந்துவிடுகிறான். எஞ்சியிருப்பது வலியை உணரும் ஓர் உடலும், அதைக் காக்க இயலாத ஓர் உயிரும் மட்டுமே. அவனது உடலையே அவனுக்கு எதிராகத் திருப்பி, அவனது மனச்சாட்சியை, நட்பை, நம்பிக்கையை அவன் வாயாலேயே காட்டிக்கொடுக்கச் செய்வதுதான் சித்திரவதையின் நோக்கம். கொலை உயிரைப் பறிக்கிறது. சித்திரவதை உயிரை விட்டுவைத்து, அவனுள் இருக்கும் மனிதனைப் பறிக்க முயல்கிறது.

‘பிறர் உரிமையைப் பறித்தவனுக்கு உரிமை ஏது?’ என்ற கேள்வி பாதிக்கப்பட்டவர்களின் கண்ணீரிலிருந்து எழுவது. அதை அலட்சியப்படுத்தலாகாது. ஸ்ரீமத் பாகவதத்தின் முதல் ஸ்கந்தத்தில் அந்தக் கண்ணீருக்கே பேசும் வாய்ப்பு தரப்படுகிறது. உறங்கிக்கொண்டிருந்த திரௌபதியின் ஐந்து மைந்தர்களையும் கொன்ற அசுவத்தாமனை, விலங்கைப்போல் கயிற்றால் கட்டி அர்ஜுனன் இழுத்து வருகிறான். பீமன் அவனைக் கொல்ல வேண்டும் என்கிறான். மைந்தர்களை இழந்த திரௌபதியோ, கட்டுண்டு தலைகுனிந்து நிற்பவனைக் காணப் பொறாமல், அவனை விடுவிக்குமாறு வேண்டுகிறாள். தான் அழுவதுபோல் அவனது தாயும் அழ வேண்டாம் என்பது அவள் கூறும் காரணம். அவளது துயரம் குறைந்துவிடவில்லை. குற்றமும் மன்னிக்கத் தக்கதாகிவிடவில்லை. அவனுக்குத் தண்டனை கிடைக்கவே செய்கிறது, சிகையும் சிரோமணியும் நீக்கப்பட்டு வெளியேற்றப்படுகிறான். தண்டனை வேறு, கட்டுண்டவனின் வேதனையில் நிறைவு காண்பது வேறு என்பதை, அவ்வாறு நிறைவு காண மற்ற எவரையும்விட உரிமை பெற்றிருந்த ஒரு தாய் உணர்த்துகிறாள்.

செய்தவர், செய்வித்தவர், ஆமோதித்தவர்

வேதனை அதை அனுபவிப்பவனிடம் மட்டும் நிற்பதில்லை. பிரான்ஸ் ஃபனோன் என்ற மனநல மருத்துவர் 1950-களில் அல்ஜீரியாவின் பிளிடா மருத்துவமனையில் பணிபுரிந்தவர். விடுதலைப் போராளிகளைச் சித்திரவதை செய்துவந்த ஒரு காவல்துறை அதிகாரி அவரிடம் சிகிச்சைக்கு வந்ததை 1961-இல் வெளியான தமது நூலில் அவர் விவரிக்கிறார். அந்த அதிகாரி தன் வீட்டில் மனைவியையும் குழந்தைகளையும் அடிக்கத் தொடங்கியிருந்தார். தமது நோய்க்குக் காரணம் தமது தொழிலே என்பதை அவர் அறிந்திருந்தார். ஆனால் தொழிலை விட அவர் விரும்பவில்லை. மனக்கலக்கமின்றி அதைத் தொடர உதவுமாறு மருத்துவரிடம் வேண்டினார்! பகலில் ஓர் அறையில் பயின்ற கொடுமையை, இரவில் வேறோர் அறையின் வாசலில் செருப்போடு கழற்றிவைக்க மனிதனால் இயலாது.

இவ்விடத்தில் பதஞ்சலி முனிவரின் பகுப்பாய்வு வியக்கத்தக்க தெளிவுடையது. யோக சூத்திரத்தின் இரண்டாம் பாதத்தில், ஹிம்சை முதலானவற்றைத் தானே செய்வது, பிறரைக்கொண்டு செய்விப்பது, பிறர் செய்ததை ஆமோதிப்பது என்று அவர் மூன்றாகப் பிரிக்கிறார். பேராசை, கோபம், மதிமயக்கம் ஆகிய மூன்றும் அவற்றின் வேர்கள். முடிவில்லாத துக்கமும் அஞ்ஞானமும் அவற்றின் பலன்கள். செய்த கை, உத்தரவிட்ட வாய், தலையசைத்த மனம் என எதையும் அவர் விட்டுவிடவில்லை.

தலையசைத்த மனத்தின் ஆற்றலைப் பாகல்பூர் காட்டியது. பீகாரின் அந்த நகரைச் சுற்றிய காவல் நிலையங்களில் 1979, 1980-ஆம் ஆண்டுகளில், குற்றவாளிகள் என்று கருதப்பட்ட சுமார் முப்பது பேரின் கண்களைக் குத்தி, அமிலம் ஊற்றிக் குருடாக்கினர். வழக்கு விசாரணை முடிந்து குற்றம் உறுதிப்படுவதற்கு முன்பே இது நிகழ்ந்தது. பத்திரிகைகள் வாயிலாகச் செய்தி வெளிவந்து நாடு அதிர்ந்தது; உச்ச நீதிமன்றம் தலையிட்டது. ஆனால் அந்நகரில் நடந்தது வேறு. பணி இடைநீக்கம் செய்யப்பட்ட காவலர்களுக்கு ஆதரவாக மக்கள் ஊர்வலம் சென்றனர். கொள்ளையர்களின் கொடுமையால் அவர்கள் நொந்திருந்தனர் என்பது உண்மையே. நீதிமன்றங்களின் தாமதம் அவர்களைச் சலிப்படையச் செய்திருந்தது என்பதும் உண்மையே. ஆனால் அந்த அமிலத்துக்கு வழங்கிய பெயர் ‘கங்காஜலம்’. இறக்கும் தறுவாயில் இருப்பவனின் உதடுகளை நனைக்கும் புனித நீரின் பெயர், கண்களைப் பொசுக்கும் திரவத்துக்குச் சூட்டப்பட்டது. ஒரு சமுதாயம் கொடுமையை ஆமோதிக்கத் தொடங்கும்போது, அது தான் புனிதமாகப் போற்றும் சொற்களையும் உடன் இழந்துவிடுகிறது.

ஆமோதனை எப்போதும் ஊர்வலமாகவே வரவேண்டும் என்பதில்லை. காவலில் ஒருவர் இறந்தார் என்ற செய்தியைப் படித்துவிட்டு, ‘அவன் யோக்கியனாக இருந்திருக்க மாட்டான்’ என்று கூறிப் பக்கத்தைப் புரட்டுவதில் அது இருக்கிறது. திரைப்படத்தில் கட்டப்பட்ட கைதியைக் கதாநாயகன் அடிக்கும்போது எழும் கைதட்டலில் அது இருக்கிறது. வீட்டில் நகை காணாமற்போனால், வேலை செய்யும் ஏழைப் பெண்ணை ‘ஸ்டேஷனில் வைத்து விசாரித்தால் உண்மை வந்துவிடும்’ என்று கூறுவதிலும் அது இருக்கிறது.

தௌலியின் பாறையும் இன்றைய சட்டமும்

ஒடிசாவில் புவனேசுவரத்துக்கு அருகே தௌலியில், கலிங்கப் போரில் வென்று மனம் வருந்திய அசோகச் சக்கரவர்த்தியின் கல்வெட்டு இன்றும் இருக்கிறது. தோசலி நகரின் நீதி அதிகாரிகளுக்கு அவர் விடுத்த தனிச் சாசனம் அதில் உள்ளது. மக்கள் அனைவரும் தம் குழந்தைகளே என்று அறிவிக்கும் அவர், காரணமின்றி ஒருவர்கூடச் சிறைப்படவோ கொடுமைக்கு உள்ளாகவோ கூடாது என்று அதிகாரிகளை எச்சரிக்கிறார். அத்தகைய கொடுமைக்கு வித்தாகும் குறைகளையும் பட்டியலிடுகிறார்: பொறாமை, கோபம், கொடூரம், அவசரம், பயிற்சியின்மை, சோம்பல், களைப்பு. இப்பட்டியலை ஒருமுறை நிதானமாக நோக்க வேண்டும். இதில் கொடூரம் ஒன்றுதான். மற்றவை எல்லோரிடமும் காணப்படும் குறைகளே. புலன் விசாரணை செய்யப் பயிற்சியில்லை, நேரமில்லை, மேலிருந்து நெருக்கடி, உடலில் களைப்பு. ஆகவே கை ஓங்குகிறது. இரண்டாயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன் பாறையில் எழுதப்பட்ட இது, இன்றைய காவல் நிலையத்துக்கும் பொருந்துகிறது.

ஆகவே பரிகாரமும் உபதேசத்தோடு நின்றுவிடக் கூடாது. சுதந்திர இந்தியாவின் அரசியல் சாசனம், குற்றம் சாட்டப்பட்ட எவரையும் தமக்கு எதிராகத் தாமே சாட்சி கூறக் கட்டாயப்படுத்தலாகாது என்கிறது. கைதானவரை 24 மணி நேரத்துக்குள் நடுவர் முன் நிறுத்த வேண்டும் என்கிறது. கல்கத்தாவைச் சேர்ந்த டி.கே. பாசு 1986-இல் எழுதிய ஒரு கடிதத்தையே மனுவாக ஏற்ற உச்ச நீதிமன்றம், 1996 டிசம்பரில் கைது தொடர்பாகப் பதினொரு நெறிமுறைகளை வகுத்தது. கைது செய்பவர் பெயர் தெரியுமாறு அடையாளம் அணிதல், சாட்சிக் கையொப்பத்துடன் கைதுக் குறிப்பு எழுதுதல், உறவினருக்குத் தெரிவித்தல், மருத்துவப் பரிசோதனை ஆகியவை அவற்றில் அடங்கும். 2010-இல், ஒருவரது சம்மதமின்றி மயக்க மருந்து செலுத்தி நடத்தும் விசாரணையைத் தடை செய்தது. 2020-இல், காவல் நிலையங்கள் அனைத்திலும் கண்காணிப்புக் கேமராக்கள் பொருத்த உத்தரவிட்டது.

இவ்வளவு இருந்தும் ஒரு குறை எஞ்சியிருக்கிறது. சித்திரவதைக்கு எதிரான ஐக்கிய நாடுகள் உடன்படிக்கை 1984-இல் ஏற்கப்பட்டது. போர், உள்நாட்டுக் குழப்பம் என எந்த அசாதாரணச் சூழ்நிலையும் சித்திரவதைக்கு நியாயமாகாது என்பது அதன் அடிப்படை. இந்தியா 1997-இல் அதில் கையொப்பமிட்டது. ஆனால் உறுதிசெய்து அதன் முழு உறுப்பினராகவில்லை. 2010-இல் மக்களவை நிறைவேற்றிய சித்திரவதைத் தடுப்பு மசோதா, சட்டமாகாமலேயே காலாவதியாயிற்று. 2017-இல் சட்ட ஆணையம் தனது 273-ஆவது அறிக்கையில் இதற்கெனத் தனிச்சட்டத்தை மீண்டும் பரிந்துரைத்தது.

மகாவிரதம்

பதஞ்சலி முனிவர் அஹிம்சை முதலான யமங்களைக் கூறிய உடனேயே, அவை பிறப்பு, இடம், காலம், சந்தர்ப்பம் ஆகியவற்றால் கட்டுப்படாதபோது மகாவிரதம் ஆகின்றன என்கிறார். இதற்கு வியாசரின் உரை தரும் விளக்கம் அழகானது. மீனவன் மீனைத் தவிர வேறெதையும் கொல்வதில்லை என்பது ஒரு விரதம். புண்ணியத் தலத்தில் கொல்வதில்லை, சதுர்த்தசியன்று கொல்வதில்லை என்பவையும் விரதங்களே. ஆனால் இவற்றுக்கெல்லாம் ‘ஆனால்’ ஒன்று உண்டு. எந்த ‘ஆனால்’ உம் இல்லாததே மகாவிரதம்.

முழுமையான அஹிம்சை யோகிக்கு உரியது. அரசும் இல்லறத்தாரும் எல்லா நிலையிலும் அதைக் கடைப்பிடிப்பது அரிது. சாஸ்திரங்களும் அதை அவர்கள் மீது சுமத்தவில்லை. ஆயினும், ஒரு சமுதாயம் எந்த ‘ஆனால்’ உம் சேர்க்காமல் காக்க வேண்டிய விரதம் ஒன்றாவது இருக்க வேண்டும். கட்டுண்டு கிடப்பவனை வதைப்பதில்லை என்பதைவிடக் குறைந்த விரதத்தை எந்தச் சமுதாயத்திடம் கேட்க முடியும்?

மாண்டவ்யரின் வரலாற்றுக்கு ஒரு பிற்பகுதியும் உண்டு. தமக்கு ஏன் இந்தத் துன்பம் என்று அவர் தர்மதேவனிடமே சென்று கேட்டார். சிறுவயதில் சிறு பூச்சிகளைப் புல்லின் நுனியால் குத்தி விளையாடியதன் பலன் என்று பதில் வந்தது. முனிவர் அந்தப் பதிலை ஏற்கவில்லை. அறியாப் பருவத்துச் சிறு தவற்றுக்கு இவ்வளவு பெரிய வேதனை அநீதி என்று கூறி, தர்மதேவனையே மனிதனாகப் பிறக்குமாறு சபித்தார். பதினான்கு வயது வரை செய்பவை பாவமாகா என்று புதிய எல்லையையும் வகுத்தார். தர்மதேவன் விதுரராகப் பிறந்து, அரசவையில் இறுதிவரை நீதியைப் பேசினார்.

புல் நுனியால் குத்தப்பட்ட பூச்சியின் வேதனையும் கணக்கில் எழுதப்படுகிறது என்பது அக்கதையின் ஒரு பாதி. தர்மத்தின் பெயரால் அளவுகடந்த வேதனை இழைக்கப்பட்டால், தர்மமே பதில் சொல்லியாக வேண்டும் என்பது மறுபாதி. இரண்டையும் சேர்த்து மனத்தில் இருத்தும் மனிதன், அடுத்த முறை கட்டப்பட்ட ஒருவனைப் பற்றிய செய்தி கண்ணில் படும்போது, அவன் யார், என்ன செய்தான் என்று கேட்பதற்கு முன், அவனுக்கு என்ன செய்யப்படுகிறது என்று கேட்பான். அவ்வாறு கேட்பவர்கள் பெருகும் நாளில், மாண்டவ்யரின் உடலில் தங்கிய அந்த முள் சற்றேனும் தளரும்.